உலகம் விட்டு உலகம் போகும் கதைக்கு ஒரு கால அலகு: 'கடவு' கணக்கு சரியாக வருமா?

பொருநைவாசி (கேள்வி)

வணக்கம். ஒரு மாயப்புனைவுத் தொடருக்காகக் கால அலகு ஒன்றை உருவாக்கிக்கொண்டிருக்கிறேன். கணக்கும் கடிகாரமும் தெரிந்தவர்கள் பார்த்துச் சொன்னால் உதவியாக இருக்கும்.

கதையில் மேழி, ஆழி என்று இரண்டு உலகங்கள். மேழியில் பகலும் இரவும் சேர்ந்த ஒரு நாள் நம் கணக்கில் 20 மணி நேரம். ஆழியில் 30 மணி நேரம். மேழியின் ஈர்ப்பு நம் பூமி அளவு. ஆழியில் அதில் ஐந்தில் நான்கு பங்குதான். இரண்டையும் இணைப்பது ஒரு திட்டிவாசல். அது தானாகத் திறக்கும், சற்று நேரத்தில் தானாக மூடிக்கொள்ளும். யாராலும் அதை முன்பின்னாக மாற்ற முடியாது. ஒரு திறப்புக்கும் அடுத்த திறப்புக்கும் நடுவிலுள்ள காலத்துக்குக் 'கடவு' என்று பெயர் வைத்திருக்கிறேன். இப்போதைக்கு 1 கடவு 10 மணி நேரம். அதாவது மேழியின் நாள் 2 கடவு, ஆழியின் நாள் 3 கடவு.

இந்த அளவு சரிதானா? கடவுக்குள் சின்ன அலகுகளை எப்படிப் பிரிப்பது? பயணி கையில் எந்தக் கடிகாரம் இருக்கலாம்? மின்சாரம் கிடையாது, உலோக வேலை நன்றாகத் தெரிந்த உலகம். ஆழியில் காலமே மெதுவாக ஓடுகிறது என்று பிற்பாடு கொண்டுவரவும் ஒரு எண்ணம் இருக்கிறது. அதில் என்ன சிக்கல் வரும்?

அகர்கணம்

இரண்டு பக்கமும் சேர்ந்து பார்க்கும் ஒரு நிகழ்விலிருந்து அலகை எடுத்திருக்கிறீர்களே, அதுதான் சரி. மேழியின் சூரியனை வைத்து அளந்திருந்தால் ஆழிக்காரனுக்கு அது மனப்பாடம் செய்ய வேண்டிய இன்னொரு எண்ணாகப் போயிருக்கும். வாசல் திறப்பதை இருவருமே கண்ணால் பார்க்கிறார்கள். இரண்டு ஊர்க் கணக்கப்பிள்ளைகளும் சண்டையில்லாமல் ஒரே எண்ணை எழுதலாம்.

ஆனால் 10 மணி நேரம் வேண்டாம். 20, 30 இரண்டிலும் 10 அடங்கிவிடுகிறது. மேழியில் வாசல் என்றைக்கும் விடியலிலும் அந்தியிலும் மட்டுமே திறக்கும். அப்புறம் தனி அலகு எதற்கு? 'காலை வாசல், மாலை வாசல்' என்றாலே போதுமே. நாளோடு ஒத்துப்போகாத ஒன்றுக்குத்தான் மக்கள் தனிக் கணக்கு வைப்பார்கள். சந்திர மாதம் சராசரி 29.53 நாள், ஆண்டு 365.24 நாள். ஒன்று இன்னொன்றில் முழுசாக அடங்காததால்தான் அவ்வப்போது கூடுதலாகச் சேர்க்கும் 'அதிக மாதம்' தேவைப்பட்டது, அதைக் கணிக்கப் பஞ்சாங்கக்காரர் தேவைப்பட்டார். கடலில் ஓதம், அதாவது நீர் ஏறி இறங்குவது, தினமும் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகிறது, அதனால் கரையில் இருப்பவர்களுக்கு அதற்கென்று ஒரு கணக்கு வேண்டியிருக்கிறது.

1 கடவு = 7 மணி நேரம் என்று வைத்துப் பாருங்கள். மேழியில் விடியலை 0 மணி என்று கொள்வோம். முதல் நாள் வாசல் 0, 7, 14 மணிக்குத் திறக்கும். அதற்கடுத்த திறப்பு 21ஆம் மணியில். நாள் 20 மணியில் முடிந்துவிடுவதால் அது இரண்டாம் நாள் 1 மணி. ஆக இரண்டாம் நாள் 1, 8, 15. மூன்றாம் நாள் 2, 9, 16. இப்படித் தினமும் ஒரு மணி நேரம் தள்ளிப்போய், ஏழாம் நாள் 6, 13 என்று இரண்டு திறப்போடு நின்றுவிடும். எட்டாம் நாள் மறுபடி விடியலில் ஆரம்பம். ஏழு நாளில் 20 திறப்பு.

அந்த ஏழாம் நாளை விட்டுவிடாதீர்கள். வாரத்தில் ஒரு நாள் மட்டும் ஒரு திறப்பு குறைகிறது. அன்றைக்குக் கூலி ஏறும், வாசல் முன்னால் வண்டிகள் தேங்கும், அழுகும் சரக்கு கொண்டுவந்தவன் கெஞ்சுவான். நீங்கள் எதையும் வலிந்து திணிக்க வேண்டியதில்லை, எண்ணே கொடுத்துவிடுகிறது.

ஆழியில் இதே திறப்புகள் முதல் நாள் 0, 7, 14, 21, 28 மணிக்கு. இரண்டாம் நாள் 5, 12, 19, 26. மூன்றாம் நாள் 3, 10, 17, 24. நான்காம் நாள் 1, 8, 15, 22, 29. அங்கே ஒழுங்காகத் தள்ளிப்போகாமல் முன்னே பின்னே குதிக்கும். மேழியில் ஒரு சிறுவன் விரல்விட்டு எண்ணிச் சொல்வதை ஆழியில் ஏடு பார்த்துத்தான் சொல்ல முடியும். வாசல் கணிப்பவர்கள் என்று ஒரு தொழில் ஆழியில் வளரும், மேழியில் வளராது. இரண்டு சமூகத்துக்கும் உள்ள வேறுபாட்டை இதிலிருந்தே எடுக்கலாம்.

இரண்டு உலகத்திலும் விடியலும் திறப்பும் ஒன்றாக வருவது 420 மணி நேரத்துக்கு ஒருமுறை. அது மேழிக்கு 21 நாள், ஆழிக்கு 14 நாள், வாசலுக்கு 60 கடவு. 60 நாழிகை ஒரு நாள், 60 ஆண்டு ஒரு சுற்று என்று பழகிய நம் வாசகருக்கு '60 கடவு ஒரு சுற்று' இயல்பாகவே வரும். நம் ஓராண்டு சுமார் 1,252 கடவு. 20,000 கடவு கிட்டத்தட்ட 16 வயது. 'இருபதாயிரம் நிறையாதவர் தனியே வாசல் கடக்கக் கூடாது' என்று ஒரு சட்டமே போடலாம்.

ஏடும்எழுத்தும்

சின்ன அலகுகளுக்கு என் யோசனை. நம் பழைய முறையில் 60 விநாழிகை ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். அதே வாகில் கடவையும் 60 ஆகப் பிரிங்க. 7 மணி நேரத்தில் அறுபதில் ஒரு பங்கு சரியாக 7 நிமிடம். இதற்கு 'தாழ்' என்று பேர் வைக்கலாம், வாசல் திறந்திருக்கும் நேரமும் ஒரு தாழ்தான் என்று சொல்லிடலாம். தாழை மறுபடி 60 ஆக்கினால் 7 விநாடி. ஓய்வில் இருக்கும் பெரியவர் நிமிடத்துக்கு 12 முதல் 20 தடவை மூச்சு விடுகிறார், அதனால் 7 விநாடி ஏறக்குறைய இரண்டு மூச்சு. 'இணை' என்று சொல்லுங்க. ஒரு கடவு 60 தாழ், ஒரு தாழ் 60 இணை.

பத்தின் மடங்காகப் பிரிக்கணும்னு யாராவது சொன்னால் கேட்காதீங்க. பிரான்சில் 1793இல் நாளைப் பத்து மணியாகவும், மணியை 100 நிமிடமாகவும், நிமிடத்தை 100 விநாடியாகவும் சட்டம் போட்டு மாற்றினார்கள். 1795இலேயே கட்டாயத்தை நிறுத்திட்டாங்க. 60ஐ 2, 3, 4, 5, 6 எதால் வகுத்தாலும் மிச்சம் வராது. முறை போட்டுக் காவல் பார்க்கிறவனுக்கு அதுதான் வசதி.

இதிலிருந்து வாசலின் கொள்ளளவும் கிடைக்கிறது. ஆள் ஒருவர் கடக்க ஓர் இணை என்றால் ஒரு திறப்பில் 60 பேர். மாட்டுவண்டிக்கு நான்கு இணை வைத்தால் 15 வண்டி. மேழியின் ஏழு நாளில் 20 திறப்பு, ஆக 1,200 ஆள் அல்லது 300 வண்டி. ஒரு படையை அனுப்பணும்னு கதையில் வந்தால் இந்த எண்ணை மீறக் கூடாது. 5,000 பேர் கொண்ட படைக்கு 84 திறப்பு வேணும், அதுவும் எதிர்ப்புறத்திலிருந்து ஒருத்தரும் வராமல் இருந்தால். முதல் 60 பேர் போய் 83 கடவு கழிச்சுத்தான் கடைசி ஆள் சேருவான். மேழியில் அது 29 நாள். அதுவரை முன்னால் போனவங்களுக்கு யார் சோறு போடுறது?

பேச்சில் அலகு எப்படி வரணும் என்பது இன்னும் முக்கியம். யாரும் 'பதினைந்து தாழில் வருகிறேன்' என்று பேச மாட்டாங்க. 'கால் கடவில் வந்துடறேன்' என்பாங்க. நம்மிடம் பின்னத்துக்கு அருமையான பெயர்கள் இருக்கு: முக்கால், அரை, கால், அரைக்கால், வீசம். கால் கடவு 1 மணி 45 நிமிடம். அரைக்கால் கடவு 52½ நிமிடம். வீசம் கடவு 26¼ நிமிடம், கிட்டத்தட்ட நம் நாழிகை. சந்தையில் அரைக்காலும் வீசமும், வாசல் காவலரிடம் மட்டும் தாழும் இணையும். இப்படிப் பிரிச்சால் பேசுகிறவர் யார் என்பது அலகிலேயே தெரிஞ்சிடும்.

முதல் அத்தியாயத்தில் வாய்ப்பாடு போடாதீங்க. ஒரு கடவு நல்ல தூக்கத்தின் அளவு. பானையில் சோறு வேக மூன்று தாழ். இந்த மாதிரி இரண்டு செயல் போதும், அளவு வாசகர் மனசில் உட்கார்ந்திடும். 'விடியல், உச்சி, அந்தி, சாமம்' எல்லாம் அந்தந்த ஊர் நாளுக்கே இருக்கட்டும். நாழிகை என்ற சொல்லை வேறு நீளத்துக்கு மட்டும் எடுத்துக்கொள்ளாதீங்க. செவ்வாயில் ஒரு நாள் 24 மணி 39 நிமிடம் 35 விநாடி. பூமியிலிருந்தே அங்கே வண்டி ஓட்டும் விஞ்ஞானிகள் மணி, நிமிடம் என்ற பெயர்களை வைத்துக்கொண்டே ஒவ்வொன்றையும் சுமார் 2.7 சதவீதம் நீட்டினாங்க. நாளுக்கு மட்டும் 'சோல்' என்று வேறு பெயர் தேவைப்பட்டது, இல்லாவிட்டால் எந்த ஊர் நாள் என்று தெரியாது.

குறுநீர்க்கன்னல்

கடிகாரம் பற்றி. ஈர்ப்பு மாறும் இடத்தில் முதலில் பொய் சொல்வது ஊசல் கடிகாரம். ஊசலின் வீச்சு நேரம், அதாவது ஒருமுறை போய்வர ஆகும் நேரம், அதன் நீளத்தையும் ஈர்ப்பையும் பொறுத்தது. ஈர்ப்பு 0.8 ஆனால் வீச்சு நேரம் சுமார் 1.118 மடங்காகும். மேழியில் சரி செய்த கடிகாரத்தை ஆழிக்குக் கொண்டுபோய் 'ஒரு கடவு ஆகட்டும், திரும்பிவிடலாம்' என்று காத்திருப்பவன், முள் 60 தாழ் காட்டும்போது உண்மையில் 67 தாழில் இருப்பான். வாசல் 61இலேயே மூடியிருக்கும். ஆறு தாழ், நம் கணக்கில் 42 நிமிடம், பிந்திப்போய் மூடிய கதவின் முன் நிற்பான்.

இது கற்பனையில்லை. 1672இல் பிரெஞ்சு வானியலாளர் ழான் ரிஷே பாரிசிலிருந்து தென்னமெரிக்காவின் கயேன் தீவுக்குப் போனபோது அவருடைய ஊசல் கடிகாரம் நாளுக்குச் சுமார் இரண்டரை நிமிடம் பின்தங்கியது. நிலநடுக்கோட்டுப் பக்கம் ஈர்ப்பு சற்றுக் குறைவு. ஊசலை ஏறத்தாழ 3 மில்லிமீட்டர் குறைத்த பிறகே சரியானது.

உங்கள் பயணிக்கும் அதே வழிதான். ஒரு பக்கம் போக ஒரு விநாடி எடுக்கும் ஊசல் மேழியில் 99.4 செ.மீ. ஆழியில் அதையே 79.5 செ.மீ ஆக்க வேண்டும், ஈர்ப்பு குறைந்த அதே விகிதத்தில். ஊசல் தண்டில் இரண்டு வெட்டு, குண்டை ஏற்றி இறக்க ஒரு திருகு. வாசல் கடந்ததும் குண்டை மேல் வெட்டுக்கு ஏற்ற மறந்தால் மேலே சொன்ன கதிதான்.

நாழிகை வட்டில் கதைக்கு அழகாகப் பொருந்தும். அடியில் சிறு துளையிட்ட செப்புக் கிண்ணத்தை நீரில் மிதக்கவிடுவது. நீர் ஏறி மூழ்கினால் ஒரு அலகு. முல்லைப்பாட்டில் பாசறையில் நேரம் சொல்பவர்கள் பார்ப்பது இந்தக் குறுநீர்க்கன்னலைத்தான். ஆனால் இது ஊரோடு கட்டிய கருவி. ஈர்ப்பு குறைந்தால் நீர் புகும் வேகமும் குறையும். நீரின் பிசுப்பு, வெப்பம் 20 பாகை செல்சியசிலிருந்து 40க்குப் போகும்போது, மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று மேல் குறைகிறது. அதனால் துளை மிகச் சிறியதாக இருந்தால் வெயில் ஏறிய நீரில் கிண்ணம் சீக்கிரம் மூழ்கும். ஆழியின் உப்புநீரில் துளை ஓரத்தில் உப்புப் படிந்து நாளாக ஆக நேரம் நீளும். காவல் மண்டபத்தில், நிழலில், நல்ல நீர் நிரப்பிய தொட்டியில் வைத்து, ஒவ்வொரு திறப்பின்போதும் சரிபார்த்துக்கொண்டால் போதுமானது. பயணி கையில் தூக்கிப்போக ஆகாது. மணற்கடிகையும் ஈர்ப்பை நம்பித்தான் ஓடுகிறது.

கைக்கு வேண்டியது சுருள்வில்லும் சமன்சக்கரமும் உள்ள கடிகாரம். அதன் ஆட்டம் வில்லின் விறைப்பையும் சக்கரத்தின் நிறை எப்படிப் பரவியிருக்கிறது என்பதையும் பொறுத்தது, ஈர்ப்பை அல்ல. ஆங்கிலேயக் கடிகாரக் கைவினைஞர் ஜான் ஹாரிசனின் நான்காவது கடல் கடிகாரம் 1761இல் இங்கிலாந்திலிருந்து ஜமைக்காவுக்குக் கப்பலில் போனபோது, தெரிந்திருந்த தினசரி விலகலைக் கழித்த பிறகு 81 நாளில் 5 விநாடிதான் பின்தங்கியிருந்தது. இதற்கு எதிரி வெப்பம். சூடேறினால் வில் தளரும், கடிகாரம் மெதுவாகும். வெவ்வேறு அளவில் விரியும் இரண்டு உலோகத் தகடுகளை ஒட்டி அதை ஈடுகட்டுவார்கள். உங்கள் உலகத்துக் கொல்லர்களுக்கு அந்த இரட்டைத் தகடு தெரியுமா என்பதை முடிவு செய்யுங்கள். தெரியாவிட்டால், நாளெல்லாம் உடம்போடு கட்டி ஒரே சூட்டில் வைத்திருக்க வேண்டும் என்று ஒரு பழக்கம் வரும்.

உடம்பையும் கணக்கில் எடுங்கள். மனித உடலின் உள்கடிகாரம் சராசரியாக 24 மணி நேரத்துக்குச் சற்று மேல். 1938இல் அமெரிக்காவின் கென்டக்கியிலுள்ள மாமத் குகைக்குள் தூக்க ஆராய்ச்சியாளர் நதானியேல் க்ளைட்மனும் அவருடைய மாணவர் ரிச்சர்ட்சனும் 28 மணி நேர நாளில் 32 நாள் வாழ்ந்து பார்த்தார்கள். மாணவருக்குப் பழகியது, க்ளைட்மனுக்குப் பழகவில்லை. 30 மணி அதற்கும் மேல். ஆழியிலேயே பிறந்தவர்களுக்கு வேறு உடல் என்று சொல்லலாம். நம்மைப் போன்ற உடலோடு மேழியிலிருந்து போகிறவன் நான்கு ஆழி நாளில் சுமார் ஐந்து முறை தூங்குவான், சில தூக்கம் நல்ல வெளிச்சத்தில் வரும்.

பொருநைவாசி

மூவருக்கும் நன்றி. 7 மணி நேரமே வைத்துக்கொள்கிறேன், தாழும் இணையும் கூட. நாள்காட்டியில் தேதி எப்படி எழுதுவது என்று ஒரு எடுத்துக்காட்டோடு சொல்ல முடியுமா? ஒருவன் ஆழியில் ஐந்து நாள் தங்கித் திரும்பினால் வீட்டில் எத்தனை நாள் ஆகியிருக்கும்? காலம் மெதுவாக ஓடும் விஷயமும் பாக்கி.

அகர்கணம்

மாதம், கிழமை எதுவும் வேண்டாம், தொடர் எண் போதும். நம் பஞ்சாங்க முறையில் கலியுகத் தொடக்கத்திலிருந்து நாட்களை மட்டும் எண்ணிக்கொண்டே வரும் அகர்கணம் இருக்கிறதே, அதைப் போல. முதல் திறப்புக்கு 0 என்று எண் கொடுங்கள், அது இரண்டு ஊரிலும் விடியல். பிறகு எந்தத் திறப்பு எண்ணையும் 60ஆல் வகுத்து, மீதியை 7ஆல் பெருக்கினால் அந்தச் சுற்றில் எத்தனையாவது மணி என்று வந்துவிடும்.

திறப்பு 48,213 என்று வைப்போம். 803 சுற்று முடிந்து மீதி 33. அது 231ஆம் மணி. மேழியில் 20ஆல் வகுத்தால் 11 நாள் போக 11 மணி, அதாவது 12ஆம் நாள் 11 மணி, பொழுது சாய்ந்து சற்று நேரம். ஆழியில் 30ஆல் வகுத்தால் 8ஆம் நாள் 21 மணி, நடு இரவுக்குச் சற்று முன். அந்தியில் கிளம்பியவன் இருட்டில் போய் இறங்குகிறான்.

ஐந்து ஆழி நாள் 150 மணி. ஆனால் 150இல் வாசல் திறக்காது, 22 கடவு முடிந்து 154இல்தான் திறக்கும். நான்கு மணி நேரம் வாசலில் காத்திருந்து 48,235ஆம் திறப்பில் வருகிறான். சுற்றில் அது 55, மணிக் கணக்கில் 385. ஆழியில் 13ஆம் நாள் 25 மணிக்குக் கிளம்பி, மேழியில் 20ஆம் நாள் 5 மணிக்கு, உச்சிப் பொழுதில் வந்து நிற்பான். அவன் கணக்கில் ஐந்து நாள் சொச்சம், வீட்டில் ஏழரை நாளுக்கும் மேல்.

எழுதும்போது எல்லோரும் இடறும் இடம் ஒன்று. திறப்பு என்பது கணம், கடவு என்பது இடைவெளி. 5ஆம் திறப்பிலிருந்து 8ஆம் திறப்பு வரை மூன்று கடவு, ஆனால் வாசல் நான்கு முறை திறந்திருக்கும். கடன் பத்திரத்தில் 'மூன்று கடவில்' என்று எழுதியவனும் 'மூன்றாம் திறப்பில்' என்று எழுதியவனும் ஒரே நாளைச் சொல்லவில்லை. இரண்டு சொல்லையும் தொடர் முழுக்கப் பிரித்தே பயன்படுத்துங்கள்.

பயணி தன் ஊர் நாளை மட்டும் எண்ணிக்கொண்டு போனால் குழப்பம் நிச்சயம். 1522 ஜூலையில், உலகைச் சுற்றி வந்த மகெல்லனின் கப்பலில் மிஞ்சியிருந்தவர்கள் கேப் வெர்டே தீவில் இறங்கியபோது அவர்களுடைய குறிப்பேட்டில் புதன், கரையில் வியாழன். ஒரு நாளும் எழுதாமல் விட்டதில்லை, ஆனாலும் ஒரு நாள் காணாமல் போயிருந்தது. கப்பலும் கரையும் பொதுவாக எண்ணக்கூடிய ஒரு வாசல் அவர்களுக்கு இருக்கவில்லை.

குறுநீர்க்கன்னல்

காலம் மெதுவாக ஓடுவது நம்மவர்களுக்குப் புதிதில்லை. புராணத்தில், தன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன அரசன் ககுத்மி, ஒரு பாட்டு முடியக் காத்திருந்த நேரத்தில் பூமியில் 27 சதுர்யுகம் கழிந்துவிட்டது. வாசகர் விகிதத்தை உடனே ஏற்றுக்கொள்வார். சிக்கல் திறந்த வாசலில்தான்.

ஆழியில் ஒரு விநாடி ஆகும்போது மேழியில் 12 விநாடி ஆகிறது என்று வையுங்கள். வாசல் திறந்திருக்கையில் ஆழியிலிருந்து பார்ப்பவனுக்கு மேழியில் எல்லாமே 12 மடங்கு வேகம். ஒளிக்கும் இதே விதி. 500 நானோமீட்டர் அலைநீளமுள்ள பச்சை ஒளி 42க்குச் சுருங்கிக் கடும் புறஊதாவாகப் பாயும், கண்ணையும் தோலையும் எரிக்கும். எதிர்த்திசையில் அதே ஒளி 6,000க்கு நீண்டு கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பாகிவிடும். மேழியிலிருந்து பார்த்தால் வாசலுக்கு அப்பால் இருட்டாகத்தான் இருக்கும். குரலும் அப்படியே. 120 ஹெர்ட்ஸ் குரல் ஆழிப் பக்கம் 1,440 ஆகக் கீச்சிடும், மேழிப் பக்கம் 10 ஆகிக் காதுக்கே எட்டாது. நமக்குத் தெரியும் ஒளி ஏறத்தாழ 400 முதல் 700 வரை. ஆகவே விகிதம் 1.75ஐத் தாண்டினாலே அதில் ஒரு நிறமும் அந்தப் பக்கம் நிறமாகப் போய்ச் சேராது. கடக்கிறவனுக்கு இன்னும் மோசம்: முன்கால் ஒரு வேகத்திலும் பின்கால் வேறு வேகத்திலும் இருக்கும், ரத்தம் எந்த வேகத்தில் ஓடும்?

தப்பிக்க இரண்டு வழி. வாசல் திறந்திருக்கும் ஒரு தாழ் மட்டும் இரண்டு உலகமும் ஒரே வேகத்தில் ஓடும், மூடிய பிறகே விகிதம் தொடங்கும் என்று விதி வைக்கலாம். இல்லையென்றால் நடுவில் ஒளி புகாத ஒரு நடை, இருபுறமும் கதவு, ஒரு கதவு மூடிய பிறகே அடுத்தது திறக்கும்.

முதல் வழியையே எடுங்கள், ஆனால் அப்போது கடவின் நீளம் இரண்டு உலகத்திலும் ஒன்றாக இருக்காது. திறப்பு எண் பொதுவாக நிற்கும். 60 தாழ் என்ற பிரிவு ஓர் ஊருக்கு மட்டுமே செல்லும். மேழியில் கடவு 7 மணி நேரமாகவே இருந்தால் ஆழியில் அது 42 நிமிடத்துக்குள் முடிந்துவிடும், அவர்களுடைய ஒரு நாளில் நாற்பதுக்கும் மேல் திறப்பு வரும். அகர்கணம் போட்டுக்கொடுத்த ஆழி அட்டவணை முழுவதும் மாறும், காவலருக்குத் தூங்க நேரம் கிடைக்காது, வயதைத் திறப்பு எண்ணில் சொல்லும் சட்டமும் உடையும். காலவேகம் மாறுவதைக் கொண்டுவருவதாக இருந்தால் மூன்றாவது ஓர் உலகத்தில் கொண்டுவாருங்கள். அதற்குத் தனி வாசல், தனி எண் வரிசை கொடுத்து, கடவுக் கணக்கை மேழிக்கும் ஆழிக்கும் மட்டும் விட்டுவிடுங்கள்.